வெள்ளம் வடிந்த பிறகு

2006ஆம் ஆண்டு டிசம்பர் மாதம் ஜொகூர் மாநிலத்தில் நாள்கணக்கில் அடைமழை பெய்தது. ஆறுகள் கரைபுரண்டன. கோத்தா திங்கி, சிகாமட் முதலிய பல ஊர்களில் வீடுகளும் கடைகளும் நீரில் மூழ்கின. மக்கள் நிவாரண மையங்களில் தங்கினர். வெள்ளம் வடிந்ததும் வீடு திரும்பி, சேற்றை வாரிக் கொட்டி, சுவரைக் கழுவினர். நனைந்த மெத்தைகளை வீசிவிட்டுப் புதியவற்றை வாங்கினர். ‘இனிக் கவலையில்லை’ என்று பலர் எண்ணியிருந்த வேளையில், 2007ஆம் ஆண்டு ஜனவரி மாதம் இரண்டாவது வெள்ளம் வந்தது. கோத்தா திங்கி நகரத்திற்கு முதல் வெள்ளத்தைவிட இரண்டாவது வெள்ளமே பெருந்துயர் தந்தது. இவ்விரு வெள்ளங்களாலும் ஒரு இலட்சத்திற்கும் மேற்பட்டோர் வீடுகளை விட்டு வெளியேற நேர்ந்தது.

வெள்ளம் வரும்போது ஏற்படும் இழப்பு ஒரு வகை. வெள்ளம் வடிந்த பிறகு மீண்டெழுவதில் உள்ள துன்பம் இன்னொரு வகை. இன்று நம்மிடம் வானிலை அறிக்கை, மீட்புப் படகு, மருத்துவக் குழு, அரசாங்க உதவி ஆகியவை உள்ளன. இவை எவையும் இல்லாத பழங்காலத்தில் பேரிடருக்குப் பின்னர் மக்கள் எவ்வாறு மீண்டெழுந்தனர்? அவர்களுடைய முயற்சிகளுள் எவை நிலைத்தன? எவை நிலைக்கவில்லை? அவற்றை இக்கட்டுரையில் காண்போம்.

கடல்கோள்

‘சுனாமி’ என்னும் ஜப்பானியச் சொல்லை 2004ஆம் ஆண்டுக்குப் பின்னரே நம்மில் பலர் அறிந்தோம். ஆனால், தமிழில் அதற்கு இணையாகக் கருதத்தக்க பழஞ்சொல் ஒன்று உண்டு. அதுதான் ‘கடல்கோள்’. கடல் நிலத்தைக் கொள்ளுதல், அதாவது எடுத்துக்கொள்ளுதல் என்பது அதன் பொருள். முதற்சங்கமும் இடைச்சங்கமும் இருந்த நகரங்களைக் கடல் கொண்டதாக இறையனார் அகப்பொருள் உரை கூறுகிறது. இதனை வரலாற்றுச் சான்றாகக் கொள்ள இயலாது. எனினும், கரையோர மக்களின் மனத்தில் கடலைப் பற்றிய அச்சம் எவ்வளவு ஆழமாகப் பதிந்திருந்தது என்பதை அது காட்டுகிறது.

காவிரி கடலில் கலக்கும் இடத்தில் இருந்த துறைமுக நகரம் காவிரிப்பூம்பட்டினம். அதனைப் புகார் என்றும் அழைப்பர். அந்நகரைக் கடல் கொண்ட செய்தியை மணிமேகலைக் காப்பியம் சொல்கிறது. ஆண்டுதோறும் நடத்தவேண்டிய இந்திர விழாவைச் சோழ மன்னன் நடத்தாமல் விட்டதே அதற்குக் காரணம் என்பது காப்பியத்தின் கூற்று. விழா நடத்தாததால் கடல் பொங்காது என்பதை இன்றைய அறிவியல் நமக்குச் சொல்லும். ஆயினும், அக்கதைக்குள் ஓர் எண்ணம் மறைந்திருக்கிறது. ஆண்டுதோறும் தவறாமல் செய்யவேண்டிய கடமையை மறந்தால் ஊருக்குக் கேடு வரும் என்பதே அந்த எண்ணம். பழங்காலச் சமூகங்கள் பேரிடரிலிருந்து மீண்ட முறைகளை ஆராயும்போது, இந்த மறதி என்னும் சிக்கல் மீண்டும் மீண்டும் நம் முன் வந்து நிற்பதைக் காணலாம்.

மணலுக்குள் ஒரு கோயில்

2004ஆம் ஆண்டு டிசம்பர் 26ஆம் நாள் சுமத்ராவின் கடலோரத்தில் பெரும் நிலநடுக்கம் ஏற்பட்டது. அதனால் எழுந்த ஆழிப்பேரலை பல நாடுகளில் இரண்டு இலட்சத்துக்கும் மேற்பட்ட உயிர்களைப் பறித்தது. மலேசியாவில் பினாங்கு, கெடா முதலிய மாநிலங்களில் 68 பேர் மாண்டனர். சுமத்ரா தீவு மதில்போல் குறுக்கே நின்றதால் ஜொகூர் தப்பியது. தமிழ்நாட்டுக் கடற்கரையிலோ ஆயிரக்கணக்கானோர் உயிரிழந்தனர்.

அந்தப் பேரலை தமிழ்நாட்டின் மாமல்லபுரத்துக்கு வடக்கே உள்ள சாளுவன்குப்பம் என்னும் கடலோர ஊரில் மணலை அரித்துச் சென்றது. அப்போது அங்கிருந்த பாறையில் ஒரு கல்வெட்டு வெளிப்பட்டது. அது அவ்விடத்தில் இருந்த ஒரு முருகன் கோயிலைக் குறிப்பிட்டது. இந்தியத் தொல்லியல் துறையினர் 2005ஆம் ஆண்டு அங்கே அகழாய்வு செய்தனர். மணலுக்கு அடியில் கோயிலின் எச்சங்கள் கிடைத்தன.

கிடைத்தது ஒரு கோயில் அன்று; ஒன்றன்மேல் ஒன்றாகக் கட்டப்பட்ட இரண்டு கோயில்கள். அடியில் இருந்தது செங்கல்லால் ஆன பழைய கோயில். அதனைச் சங்க காலத்தைச் சேர்ந்தது என அகழாய்வு செய்தோர் கருதுகின்றனர். அதன்மேல் பல்லவர் காலத்தில் கருங்கல்லால் ஒரு கோயில் எழுப்பப்பட்டிருந்தது. செங்கல் கோயிலைக் கடலின் சீற்றமே அழித்தது என்றும், பின்னர் வந்த கருங்கல் கோயிலையும் 13ஆம் நூற்றாண்டு அளவில் மற்றொரு கடற்சீற்றம் வீழ்த்தியது என்றும் ஆய்வாளர்கள் கருதுகின்றனர்.

இந்த இரண்டு அடுக்குகளும் ஒரு சமூகத்தின் மீட்சியை நமக்குக் காட்டுகின்றன. கோயில் இடிந்தபோது வழிபாடு அழிந்துவிடவில்லை. பல நூற்றாண்டுகள் கடந்த பின்னரும் அதே இடத்தில் கோயில் மீண்டும் எழுந்தது. முன்பு செங்கல்லைப் பயன்படுத்திய இடத்தில் இப்போது கருங்கல்லைப் பயன்படுத்தினர். பொன்னும் பொருளும் கொடையாக வந்தன. அக்கொடைகள் கல்லில் பொறிக்கப்பட்டன. முன்னினும் உறுதியாகக் கட்டவேண்டும் என்பது பேரிடர் கண்ட மக்களுக்கு இயல்பாகத் தோன்றும் எண்ணமாகும்.

ஆனால், இடத்தை மாற்றவில்லை. கடற்கரையை விட்டு நகர்வது அவர்களுக்கு எளிதன்று. கரையோர மக்களுக்குச் சோறு போடுவது கடல்தான். மேலும், முன்னோர் வழிபட்ட இடத்தை விட்டுவிட மனம் இடம் தராது. இன்று ஜொகூர் ஆற்றங்கரையில் வாழும் குடும்பம் ஒன்று, வெள்ளம் வந்தாலும் ஊரை விட்டுப் போகத் தயங்குவதற்கும் இவை போன்ற காரணங்களே உள்ளன. ஆகவே, அவர்களை அறியாதவர்கள் என்று நாம் சொல்லிவிட முடியாது. ஆயினும், கல் எவ்வளவு உறுதியாக இருந்தாலும், முன்பு கடல் எதுவரை வந்தது என்னும் நினைவு அழிந்துவிட்டால் அந்த உறுதி மட்டும் போதாது என்பதைச் சாளுவன்குப்பத்து மணல் நமக்கு உணர்த்துகிறது.

ஆண்டுதோறும் மீளும் ஊர்

கடற்சீற்றம் சில நூற்றாண்டுகளுக்கு ஒருமுறை வரலாம். மழை வெள்ளமோ ஆண்டுதோறும் வரக்கூடியது. நவம்பர் முதல் மார்ச் வரை ஜொகூரில் மழையைக் கொண்டுவரும் வடகிழக்குப் பருவக்காற்றுதான், அக்டோபர் முதல் டிசம்பர் வரை தமிழ்நாட்டிலும் மழையைத் தருகிறது. அந்த மழையோடு புயலும் வரும். சில வாரங்களில் கொட்டித் தீர்க்கும் மழைநீரைத் தேக்கினால்தான் எஞ்சிய மாதங்களில் பயிர் செய்ய முடியும். தேக்கிய நீர் கரையை உடைத்தாலோ ஊரே அழியும். வெள்ளமும் வறட்சியும் ஒரே ஊரை ஒரே ஆண்டில் தாக்கக்கூடும். இதற்குத் தமிழர் கண்ட தீர்வு ஏரி.

ஏரி என்பது வெறும் நீர்த்தேக்கம் அன்று. அதன் கரை மண்ணால் ஆனது. வயலுக்கு நீர் விட மதகு இருக்கும். அளவுக்கு மிஞ்சிய நீர் வெளியேறுவதற்குக் கலிங்கு இருக்கும். மேட்டில் உள்ள ஏரியின் கலிங்கு வழியே வெளியேறும் நீர் அடுத்த ஏரிக்குச் செல்லும். அது நிறைந்தால் அதற்கடுத்த ஏரிக்குச் செல்லும். இவ்வாறு பெருமழை நீர் பல ஏரிகளுக்குப் பங்கிடப்பட்டு, அதன் வேகம் தணியும். மேலே உள்ள ஓர் ஏரி உடைந்தால் கீழே உள்ள ஏரிகளும் அடுத்தடுத்து உடையலாம். எனவே, ஓர் ஊரின் கவனக்குறைவு பல ஊர்களின் அழிவாக முடியும்.

காவிரியில் கரிகால் சோழன் அமைத்த கல்லணையிலும் இதே அறிவைக் காண்கிறோம். அந்த அணை ஆற்றை முழுவதுமாக மறித்து நிற்கவில்லை. பாசனத்துக்கு வேண்டிய நீரைக் காவிரியில் செலுத்தியது. மிகுதியான வெள்ளத்தைத் தாழ்வாக ஓடும் கொள்ளிடம் ஆற்றுக்கு விட்டது. வெள்ளத்தோடு மோதுவதைவிட அதற்கு வழிவிடுவதே பாதுகாப்பு என்பதை அக்கால மக்கள் அறிந்திருந்தனர்.

இருப்பினும், கரையும் கலிங்கும் கட்டிவிட்டால் மட்டும் போதுமா? மழைநீரோடு வரும் வண்டல் ஆண்டுதோறும் ஏரியில் படியும். வண்டலை அள்ளாவிட்டால் ஏரியின் கொள்ளளவு குறையும். கரையில் எலிகளும் நண்டுகளும் வளை தோண்டும். அந்தச் சிறு துளைகளை அடைக்காவிட்டால் பெருமழையின்போது கரை அங்கேதான் உடையும். இவ்வேலைகளை யார் செய்வது? யார் மேற்பார்வையிடுவது?

இதற்கு விடை காஞ்சிபுரத்துக்கு அருகில் உள்ள உத்திரமேரூரில் கிடைக்கிறது. முதலாம் பராந்தக சோழனின் ஆட்சியில், கி.பி. 919, 921 ஆகிய ஆண்டுகளில் பொறிக்கப்பட்ட கல்வெட்டுகள் அங்கே உள்ளன. ஊர் நிர்வாகத்தைக் கவனிக்கும் குழுக்களை வாரியம் என்று அவை கூறுகின்றன. அவற்றுள் ஒன்று ஏரி வாரியம். அதில் ஆறு உறுப்பினர்கள் இருந்தனர். ஊரின் முப்பது குடும்புகளிலிருந்தும் தகுதியுடையோரின் பெயர்களை ஓலையில் எழுதிக் குடத்தில் இட்டு, ஒரு சிறுவனைக் கொண்டு எடுக்கச் செய்தனர். இதுவே குடவோலை முறையாகும். பதவிக்காலம் ஓர் ஆண்டு மட்டுமே. முன்பு பதவி வகித்துக் கணக்குக் காட்டாதவரும் அவருடைய நெருங்கிய உறவினரும் மீண்டும் தேர்ந்தெடுக்கப்பட முடியாது.

ஏரியைக் காக்கும் பொறுப்பில் இத்துணைக் கண்டிப்பு ஏன் என்று சிந்தித்துப் பாருங்கள். கரையைப் பழுதுபார்க்கும் பொன்னை ஒருவர் தமக்கென எடுத்துக்கொண்டால், அதன் விளைவு அன்றே தெரியாது. அடுத்த பெருமழையில்தான் தெரியும். அப்போது கணக்குக் கேட்டுப் பயனில்லை. ஆகவேதான் மழை வருவதற்கு முன்னரே கணக்குக் கேட்கும் விதியைக் கல்லில் வெட்டி வைத்தனர். ஏரிப் பராமரிப்பிற்கென்று நிலமும் பொன்னும் கொடையளித்த செய்திகளும் அக்காலக் கல்வெட்டுகள் பலவற்றில் உள்ளன. அவ்வாறு ஒதுக்கப்பட்ட நிலத்தை ஏரிப்பட்டி என்பர்.

இம்முறையில் குறையும் இருந்தது. நிலமும் கல்வியும் உடைய ஆண்கள் மட்டுமே வாரியத்தில் இடம்பெற முடிந்தது. வெயிலில் நின்று வண்டலை வெட்டியவர்களின் பெயர்களோ கூடையில் மண் சுமந்த பெண்களின் பெயர்களோ அக்கல்வெட்டுகளில் இல்லை. ஆனாலும், ஏரியை உண்மையில் காத்தவர்கள் அவர்களே. ஊர்மக்கள் ஒன்றுகூடி ஏரியையும் வாய்க்காலையும் செப்பனிடும் இப்பணி பிற்காலத்தில் குடிமராமத்து என்று பெயர் பெற்றது. நம் நாட்டில் கோத்தோங் ரோயோங் என்று நாம் சொல்லும் கூட்டுப்பணியை அது ஒத்திருக்கிறது. ஒரு வேறுபாடு உண்டு. வெள்ளம் வந்த பிறகு மட்டும் கூடுவது குடிமராமத்து அன்று. வெள்ளம் வருவதற்கு முன்னர் ஆண்டுதோறும் கூடுவதே குடிமராமத்து.

ஏட்டில் இருந்த எச்சரிக்கை

ஆண்டுதோறும் வரும் வெள்ளத்தை மக்கள் மறக்கமாட்டார்கள். நூறு ஆண்டுக்கோ ஆயிரம் ஆண்டுக்கோ ஒருமுறை வரும் பேரிடரை எவ்வாறு நினைவில் வைப்பது? எழுதி வைத்தால் போதுமா? இதற்கு ஜப்பான் நாட்டின் அனுபவம் விடை தருகிறது.

கி.பி. 869ஆம் ஆண்டு ஜப்பானின் வடகிழக்குக் கரையைப் பெரும் நிலநடுக்கமும் ஆழிப்பேரலையும் தாக்கின. ஏறத்தாழ ஆயிரம் பேர் நீரில் மூழ்கி இறந்ததாக அந்நாட்டு அரச வரலாற்று ஏடு பதிவு செய்துள்ளது. பேரரசர் துயர்துடைப்புக்கு ஆணையிட்டார். இறந்தோரை அடக்கம் செய்யவும், பெரிதும் பாதிக்கப்பட்டோருக்கு வரியை நீக்கவும் அவ்வாணை வழி செய்தது. பேரிடருக்குப் பின்னர் வரியைத் தள்ளுபடி செய்வது பழைய அரசுகள் கையாண்ட மிகச் சிறந்த உதவிகளுள் ஒன்றாகும். விதைநெல்லையும் விற்று வரி கட்டவேண்டிய நிலை வந்தால், உழவர் அடுத்த ஆண்டும் எழுந்திருக்க முடியாது.

அந்த ஏடு அழியாமல் காக்கப்பட்டது. அப்பேரலை கொண்டுவந்து போட்ட மணல் அடுக்கைச் செண்டாய் சமவெளியின் வயல்களுக்கு அடியில் ஆய்வாளர்கள் கண்டறிந்தனர். இத்தகைய பேரலை மீண்டும் வரக்கூடும் என்று எச்சரிக்கவும் செய்தனர். ஆயினும், 2011ஆம் ஆண்டு மார்ச் 11ஆம் நாள் அதே கரையை ஆழிப்பேரலை தாக்கியபோது, 18,000க்கும் மேற்பட்டோர் இறந்தனர் அல்லது காணாமற்போயினர். எச்சரிக்கை ஏட்டில் இருந்தது. அதை அன்றாட வாழ்வின் பழக்கமாக மாற்ற 1,100 ஆண்டுக்காலமும் போதவில்லை.

அதே கரையில் அனெயோஷி என்னும் சிற்றூர் உள்ளது. 1896, 1933 ஆகிய ஆண்டுகளில் வந்த பேரலைகளில் அவ்வூரில் ஒருசிலரே உயிர்தப்பினர். இரண்டாவது பேரலைக்குப் பின்னர் அங்கே சரிவான பாதையின் ஓரத்தில் ஒரு கல்லை நட்டனர். இதற்குக் கீழே வீடு கட்டக்கூடாது என்பது அக்கல் சொல்லும் செய்தி. ஊர்மக்கள் அந்த விதியைக் கைவிடவில்லை. 2011ஆம் ஆண்டு வந்த அலை அக்கல்லுக்கு ஏறத்தாழ நூறு மீட்டர் கீழே நின்றுவிட்டது. மேலே இருந்த வீடுகள் யாவும் தப்பின. அரண்மனை ஏட்டில் இருந்த செய்தியைவிட, தினமும் நடக்கும் பாதையில் இருந்த ஒரு கல் மக்களுக்குப் பயன்பட்டது.

பாட்டி சொன்ன கதை

கல்கூட இல்லாமல் நினைவைக் காத்த மக்கள் நமக்கு அருகிலேயே இருக்கின்றனர். சுமத்ராவின் மேற்கே சிமெலுவே என்னும் தீவு உள்ளது. 1907ஆம் ஆண்டு ஓர் ஆழிப்பேரலை அத்தீவை அழித்தது. உயிர்தப்பியவர்கள் அந்த அலையை ‘ஸ்மோங்’ என்று அழைத்தனர். நிலம் பலமாக அதிர்ந்து, கடல் பின்வாங்கினால், எதையும் எடுக்க நிற்காமல் குன்றுக்கு ஓடவேண்டும் என்பதைக் கதையாகவும் பாட்டாகவும் பிள்ளைகளுக்குச் சொல்லி வந்தனர். தாத்தா பாட்டியிடம் கேட்டவர்கள் தம் பேரப்பிள்ளைகளுக்குச் சொன்னார்கள்.

2004ஆம் ஆண்டின் நிலநடுக்கம் அத்தீவுக்கு மிக அருகில் ஏற்பட்டது. சில நிமிடங்களில் அலை வந்துவிட்டது. கருவிகள் எச்சரிப்பதற்கு நேரம் இல்லை. மக்கள் ‘ஸ்மோங்’ என்று கூவியவாறு மேட்டுக்கு ஓடினர். ஏறத்தாழ 78,000 பேர் வாழ்ந்த அத்தீவில் இறந்தவர்கள் ஏழு பேர் மட்டுமே. அதே நாளில் வேறு பல கடற்கரைகளில், கடல் பின்வாங்கியதைக் கண்ட மக்கள் வியப்புடன் கடற்படுகையில் இறங்கி நடந்தனர். அவர்கள் அறிவில் குறைந்தவர்கள் அல்லர். அவர்களுக்கு அந்தக் கதையைச் சொல்ல ஒருவரும் இருக்கவில்லை. அதுதான் வேறுபாடு.

நம் ஆற்றங்கரையில்

மேற்கண்ட செய்திகளைத் தொகுத்துப் பார்த்தால், பழங்காலச் சமூகங்கள் மூன்று வழிகளில் மீண்டெழுந்தன எனலாம். இடிந்ததை முன்னினும் உறுதியாகக் கட்டினர். கட்டியதை ஆண்டுதோறும் காப்பதற்குப் பொறுப்பான குழுவையும் விதியையும் ஏற்படுத்தினர். நடந்ததை அடுத்த தலைமுறையினர் மறவாமல் இருக்கக் கல்லிலும் சொல்லிலும் பதித்தனர். முதல் வழி கண்ணுக்குத் தெரியும். ஆகவே, அதனையே நாம் பெரிதாகப் பாராட்டுகிறோம். ஆனால், பின்னிரண்டு வழிகளும் தவறியபோது முதல் வழி தனித்து நிற்கவில்லை.

ஜொகூரிலும் இம்மூன்று வழிகளுக்குச் சான்றுகள் உள்ளன. மரபுவழி மலாய் வீடுகள் தூண்களின்மேல் உயர்த்திக் கட்டப்பட்டன. ஆற்றுநீர் ஏறினாலும் தரைக்குக் கீழே ஓடிச் செல்ல அவை இடம் கொடுத்தன. இன்று நீர்ப்பாசன வடிகால் துறை ஆறுகளின் நீர்மட்டத்தை அளந்து, விழிப்பு, எச்சரிக்கை, அபாயம் எனப் பிரித்து அறிவிக்கிறது. அது நம் காலத்தின் ஏரி வாரியம் எனலாம். ஆனால், வடிகாலில் குப்பை கொட்டப்பட்டால், அடைப்பை நீக்கும் வேலை அடுத்தவருடையது என்று எல்லாரும் எண்ணினால், வாரியத்தால் மட்டும் ஊரைக் காக்க முடியாது.

மூன்றாவது வழி உங்களுடைய பொறுப்பு. 2006, 2007ஆம் ஆண்டுகளின் வெள்ளத்தைக் கண்டவர்கள் இன்றும் நம்மோடு வாழ்கின்றனர். 2011ஆம் ஆண்டில் சிகாமட்டிலும், 2023ஆம் ஆண்டு மார்ச் மாதத்தில் சிகாமட், பத்து பகாட் வட்டாரங்களிலும் வெள்ளம் புகுந்ததையும் பலர் நேரில் கண்டனர். இன்னும் ஐம்பது ஆண்டுகளில் முதல் வெள்ளத்தைக் கண்டவர்களுள் பெரும்பாலோர் இருக்கமாட்டார்கள். அப்போது ஆற்றங்கரையில் வீடு வாங்க வரும் ஒருவருக்கு, நீர் எதுவரை வந்தது என்பதை யார் சொல்வார்?

இன்று வீடு சென்றதும் உங்கள் தாத்தா பாட்டியிடமோ அண்டை வீட்டாரிடமோ கேளுங்கள். நம் ஊரில் வெள்ளம் எந்த ஆண்டு வந்தது, சுவரில் எந்த உயரம் வரை ஏறியது, எந்தப் பாதை முதலில் மூழ்கியது, எந்த மேட்டில் மக்கள் ஒதுங்கினர், முதலில் எவற்றை எடுத்துக்கொண்டு வெளியேறினர் என்று கேளுங்கள். அவர்கள் சொல்வதை நாளும் இடமும் குறித்து எழுதி வையுங்கள். எழுதியதோடு நின்றுவிடாமல் உங்கள் தம்பி தங்கையருக்கும் சொல்லுங்கள். சிமெலுவே தீவின் பாட்டிமார் செய்ததும் அதுதான்.